அந்த விலாசத்தில் அவர் இல்லை

என் வீட்டில் வயது வந்த ஆண் ஒருவர்தான். அவர் என் கணவர் பஸால். இதை ஏன் முதலிலேயே சொல்கிறேன் என்றால், ஐரோப்பாவில் இரண்டு நாடுகள் மாதக்கணக்கில் மண்டையை உடைத்துக்கொண்ட ஒரு கேள்விக்கான பதில், நிந்தவூரில் என் வீட்டுக் கதிரையில் உட்கார்ந்து பிளேன்ரீ குடித்துக்கொண்டிருந்தது. எனக்கே அது தெரியாது.

அந்தக் கேள்வி என் கூடப்பிறந்த அண்ணன், மிஹ்லார் காக்காவைப் பற்றியது. கலியாணத்துக்கு முன்பு அவர் இத்தாலியில் வாகனம் கழுவும் இடமொன்றில் வேலை செய்தார். பிறகு ஊருக்கு வந்து, மருதமுனையில் றுமானா மதினியைக் கலியாணம் முடித்து, அங்கேயே குடியிருந்தார். கடை நடத்திச் சரிவராமல் போகவே, ஜெர்மனியில் ஒரு பேக்கரிக்கு முறையான விசாவில் போனார். விமான நிலையத்திலேயே பிடித்துவிட்டார்கள். இத்தாலியில் அவருக்கு ஆறு வருடச் சிறை விதித்திருக்கிறார்களாம்! பழைய முதலாளி ஒரு வேனைக் காக்காவின் பெயரில் பதிந்து, அதில் ஆட்களை ஒளித்து எல்லை கடத்தியிருக்கிறான். வழக்கு நடந்து தீர்ப்பும் சொல்லப்பட்டபோது, காக்கா மருதமுனைக் கடற்கரையில் மகளுக்குப் பட்டம் விட்டுக்கொண்டிருந்தார்.

எங்களுக்காக ஓடித் திரிந்தவர் சட்டத்தரணி மேனுஜா. காரைதீவுப் பிள்ளை, கல்முனையில் அலுவலகம். அவர்தான் விளக்கினார். அந்த நாடுகளுக்குள் தண்டனை பெற்றவரைப் பிடித்து ஒப்படைக்க ஓர் ஒப்பந்தம் இருக்கிறது. ஆனால் தன்மேல் வழக்கு இருப்பதே தெரியாத ஒருவரை, அவர் இல்லாமலே தீர்த்துவிட்டு உள்ளே தள்ள முடியாது. தெரிந்தும் ஒளித்திருந்தால் ஒப்படைப்பார்கள். தெரியாவிட்டால், புதிதாக விசாரிப்போம் என்று இத்தாலி உறுதி தரவேண்டும். அந்த உறுதியை இத்தாலி தர மறுத்தது.

"அவருக்குத் தெரியும் எண்டுதான் அவங்க சொல்றாங்க," என்றார் மேனுஜா. "பாஸ்போட்டில இருக்கிற நிந்தவூர் விலாசத்துக்கு அழைப்பாணை அனுப்பினவங்களாம். குடும்பத்தில வயது வந்த ஆண் ஒருவர் கையெழுத்துப் போட்டு எடுத்திருக்கிறார்."

"எப்ப?"

அவர் சொன்ன மாதம் என் கலியாணத்துக்கு அடுத்த மாதம். வாப்பா மௌத்தாகி அடக்கமாகி வருடங்கள் ஆகியிருந்தன. காக்கா அதற்கு முன்பே மருதமுனைக்குப் போய்விட்டார். வீட்டில் நான், உம்மா, புது மாப்பிள்ளை. கையெழுத்துப் போட உம்மாவுக்கு மீசை முளைத்திருக்காது.

அன்று பஸால் வயலிலிருந்து வந்ததும் கால் கழுவக்கூட விடவில்லை. நேராகக் கேட்டேன். முதலில் முழித்தார். பிறகு கதிரையில் உட்கார்ந்தார். பிறகு, இத்தனை வருடமாக நான் கேட்டுக் கேட்டு அலுத்த விஷயத்துக்குப் பதில் சொன்னார். அந்த மாதத்திலிருந்துதான் அவர் காக்காவோடு கதைப்பதை நிறுத்தினார். எதற்கு என்று கேட்டால் ஒன்றுமில்லை என்பார். பள்ளிவாசல் மரைக்காயர் சீனிமுகம்மது இரண்டு பெருநாளைக்குச் சமாதானம் பேச வந்து, இரண்டு முறையும் வட்டிலப்பம் சாப்பிட்டுவிட்டு வெறுங்கையோடு போனார். உம்மாவை அடக்கிய அன்று ஜனாஸாத் தொழுகையில்கூட இவர் முன் வரிசை, காக்கா பின் வரிசை.

"ஒராள் கடதாசி கொண்டுவந்து, மிஹ்லார்ட வீடா எண்டு கேட்டார். ஓம் எண்டன். மாப்பிள்ளையா வந்து கொஞ்ச நாள்தானே, வேற என்ன செல்ற?" என்றார் பஸால். "பாத்தா மேல சிங்களத்தில நீதிமன்றம் எண்டு இரிக்கி. உள்ளுக்கு என்ன பாசையோ, ஒண்டும் விளங்கல்ல. மச்சான்ட பேரும் இந்த வீட்டு விலாசமும் மட்டும் விளங்கிச்சி."

"அதுக்கு?"

"வீட்டுல பங்கு கேட்டு வழக்குப் போட்டுட்டார் எண்டு நெனச்சன்."

எனக்குச் சிரிப்பதா, அடிப்பதா என்று தெரியவில்லை. எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு. உம்மாவின் வீடு எனக்குச் சீதனமாக வந்தது. என்றாலும் ஆண்பிள்ளைகள் யாராவது கோட்டுக்குப் போய்விடுவார்களோ என்ற பயம் எல்லா மாப்பிள்ளைமாரின் வயிற்றிலும் ஒரு மூலையில் கிடக்கும். என்னிடம் கேட்டிருக்கலாம். காக்காவிடமே கேட்டிருக்கலாம். இந்த மனிசன் அந்தக் கடதாசியை வரிப்பத்தான்சேனை வயல் வாடிக்குக் கொண்டுபோய்க் கூரையில் செருகிவிட்டு, வாயைப் பூட்டிக்கொண்டார்.

"கடதாசி எங்க?"

"கறையான் திண்டுட்டு."

மறுநாள் இதை மேனுஜாவிடம் சொன்னபோது அவர் மேசையில் ஒரு அடி அடித்து எழுந்தே விட்டார். "றுஸ்னா, இதுதான் எங்கட வழக்கு! மிஹ்லாருக்குத் தெரியாது எண்டு சொல்லக்கூடிய ஒரே ஆள் உங்கட அவர்தான். வீடியோவில சாட்சி கேட்க ஜெர்மன் கோட்டில அனுமதி எடுப்பம். அவர் வருவாரா?"

அவர் வரவில்லை. அதாவது, வரமாட்டேன் என்று சொல்லவில்லை; நெல் வெட்டுற மெசின் வருது, நீர் வடியவில்லை, உரக்கடையில் அலுவல் என்று தினம் ஒரு கதை. நீதிமன்றக் கடதாசியை மறைத்ததற்குத் தன்னையும் பிடிப்பார்களோ என்று ஒரு பயம். அப்படி ஒன்றும் வராது என்று தன்னால் சத்தியம் செய்து தரமுடியாது, உண்மையைச் சொல்வதுதான் நல்லது என்று மேனுஜா நேர்மையாகச் சொல்லியிருந்தார். ஆனால் அதைவிடப் பெரியது வெட்கம். பொண்டாட்டி வீட்டை மச்சான் பறித்துவிடுவார் என்று பயந்து கிடந்தேன் என்பதை ஊர் கேட்க எப்படிச் சொல்வது?

ஒரு வெள்ளிக்கிழமை றுமானா மதினி மகளையும் கூட்டிக்கொண்டு வந்தார். சண்டை பிடிக்கவில்லை. ஜும்ஆவுக்குப் போக முன் சட்டைப் பொத்தான் பூட்டிக்கொண்டிருந்த பஸாலின் முன்னால் நின்றார்.

"தம்பி, ஆறு வருசத்துக்குப் பொறகு வந்தா இந்தப் புள்ளைய அவருக்கு அடையாளம் தெரியா. உங்கள ஏசறதுக்கு வரல்ல நான். ஒருக்கா வாயத் தொறந்து செல்லுங்க."

பஸால் மீதிப் பொத்தானைப் பூட்டிக்கொண்டு பள்ளிவாசலுக்குப் போனார். திரும்பி வந்து என்னிடம், "மேனுஜா மெடத்துக்கு கோல் எடு," என்றார். இந்த மனிசனைக் கலியாணம் முடித்ததற்காக நான் முதன்முதலில் பெருமைப்பட்டது அப்போதுதான்.

விசாரணை நாளில் கல்முனை நீதிமன்றக் கட்டடத்தில் ஓர் அறை தந்தார்கள். பெரிய திரை. அதில் ஜெர்மன் நீதிபதிகள் மூவர், நடுவில் இருந்தவர் கண்ணாடி போட்ட ஒரு பெண். ஓரத்தில் காக்கா. மெலிந்துபோயிருந்தார். மொழிபெயர்ப்பாளர் யாழ்ப்பாணத்துக்காரர்.

முதலில் என்னைக் கேட்டார்கள். அரசுத் தரப்பு வக்கீல் மரியாதையான மனிதர், ஆனால் விடாக்கண்டன். "அது உங்கள் அண்ணனின் குடும்ப வீடு. அவர் அங்கே வந்துபோகிறவர். அப்படியானால் செய்தி கிடைத்திருக்குமே?"

"பெருநாளைக்கு வருவார். விருந்தாளியா."

"வீடு யாருடையது?"

"என்ட வீடு."

"அதற்கு முன்?"

"உம்மாட. அதுக்கு முந்தி அவட உம்மாட."

"உங்கள் தந்தை?"

"வாப்பாவும் கலியாணம் முடிச்சு வந்து இருந்தவர்தான்."

மொழிபெயர்ப்பாளர் இதை ஜெர்மன் மொழியில் சொன்னதும் நடுவிலிருந்த நீதிபதி அம்மா பேனாவை வைத்துவிட்டு, நேராக என்னைப் பார்த்தார். "அப்படியென்றால் உங்கள் ஊரில் ஆண்களுக்கு வீடே இல்லையா?"

"ஏன் இல்ல? பொண்டாட்டிட வீடு இரிக்கி. காக்காட வீடு மருதமுனையில. இங்க வந்த கடதாசி, அவர் இல்லாத வீட்டுக்கு வந்த கடதாசி."

அடுத்தது பஸால். பெருநாள் சட்டை போட்டிருந்தார். ஒன்றையும் மறைக்கவில்லை. மாப்பிள்ளையாக வந்த புதிது, கடதாசி, பயம், வாடி, கறையான், எல்லாம் வந்தது. கறையானுக்கு ஜெர்மன் மொழியில் என்னவோ, அதைச் சொல்லும்போது மொழிபெயர்ப்பாளரே திணறினார். காக்கா திரையில் வாயைப் பிளந்துகொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். தன்னோடு மச்சான் ஏன் கதைப்பதில்லை என்பது அவருக்கும் அப்போதுதான் தெரியவந்தது.

வக்கீல் கடைசியாகக் கேட்டார். "பயந்தீர்கள், சரி. ஆனால் ஒருநாள் கோபத்திலாவது மிஹ்லாரிடம் இந்தக் கடதாசியைப் பற்றிக் கேட்டிருப்பீர்களே?"

"அவரோட கதைச்சாத்தானே கேக்க."

"ஒருமுறைகூடவா?"

"மாமிட ஜனாஸாவிலயும் ஸலாம் சொல்லல்ல." பஸாலின் குரல் உடைந்தது. "அவருக்கு ஒண்டும் தெரியா ஐயா. நான் தெரியவிடல்ல. பிழை என்ட, தண்டன அவருக்கு எண்டா அது நீதியில்ல."

மேனுஜா மரைக்காயர் சீனிமுகம்மதின் சத்தியக் கடதாசியை ஏற்கெனவே அனுப்பியிருந்தார். இரண்டு பெருநாள் சமாதானம் தோற்ற கதை அதில் இருந்தது. நீதிபதி அம்மா அதைப் புரட்டும்போது உதட்டோரம் லேசாக அசைந்ததை நான் கண்டேன். ஊரே சிரித்த எங்கள் குடும்பச் சண்டை, அன்று எங்கள் பக்கச் சாட்சியாக நிமிர்ந்து நின்றது.

தீர்ப்பு இரண்டு வாரம் கழித்து வந்தது. வழக்கைப் பற்றி மிஹ்லாருக்கு அறிவிக்கப்பட்டதாகக் கொள்ள முடியாது. இன்னொருவர் வீட்டில் கொடுத்த அழைப்பாணை அவருக்குக் கொடுத்ததாகாது. அவரை ஒப்படைக்க முடியாது. மேனுஜா தொலைபேசியில் வாசித்து முடிக்கவில்லை, நான் அடுப்படியிலேயே கூவிவிட்டேன். பக்கத்து வீட்டார் என்னவோ ஏதோ என்று ஓடிவந்தார்கள். பஸால் கிணற்றடியில் தலையில் தண்ணீரோடு நின்றார். "அல்ஹம்துலில்லாஹ்" என்று அவர் சொன்னது தெருவுக்கே கேட்டது. ஒரு ஊர்க்காரனுக்காக அவ்வளவு தூரத்தில் இருக்கும் ஒரு நீதிமன்றம் சிறைக் கதவைப் பிடித்து நிறுத்தியது என்று நினைக்க நினைக்க எனக்கு அழுகை நிற்கவில்லை.

காவலிலிருந்து வெளியே வந்ததும் காக்கா வீடியோ கோல் எடுத்தார். நாங்கள் எல்லோரும் மருதமுனையில் மதினி வீட்டில்தான் கூடியிருந்தோம். மகள் திரையை முத்தமிட்டே நனைத்துவிட்டாள். "விடுறதுக்கு முந்தி, இனிக் கடதாசி அனுப்புறதுக்கு விலாசம் கேட்டாங்க," என்றார் காக்கா. "றுமானாட வீடு, மருதமுனை எண்டு எழுதிக் குடுத்தன்." மதினி முகத்தை முந்தானையால் மூடிக்கொண்டார்.

"மச்சான் எங்க?" என்றார் காக்கா.

பஸால் வாசலில் நின்றார். நான் கையைப் பிடித்து இழுத்து வந்தேன். திரையை நேராகப் பார்த்தார். பிறகு, இத்தனை வருடத்துக்குப் பிறகு, "மச்சான், சாப்பிட்டயளா?" என்றார்.

"சாப்பாடு இருக்கட்டும். அந்த வீட்டுல என்ட பங்கு என்ன மாதிரி?"

பஸால் அழுதுகொண்டே சிரித்தார். "அது என்ட வீடில்லயே. உங்கட தங்கச்சிட்டக் கேளுங்க."

நான் போனை வாங்கினேன். "ஒரு ஓட்டுத் துண்டும் தரமாட்டன் காக்கா," என்றேன். "பெருநாளைக்கு விருந்தாளியா வாங்க."