கோகுலு வந்தா கொட்டுற பூ

போன்ல நான் பாக்கறதெல்லாம் ஜப்பான் அனிமேதான். அதுல ஒரு பொண்ணுக்குப் பையனப் புடிச்சிப்போச்சின்னா அவளச் சுத்தி ரோஸ் கலர்ல பூ எதழு பறக்கும். வாயத் தொறந்து ஒண்ணும் சொல்லத் தேவையில்ல. படத்துக்குன்னு வரையறாங்கன்னு நெனச்சேன். எனக்கே கொட்ட ஆரம்பிச்சா யாருகிட்ட போயி சொல்லுவேன்?

நான் இளமதி. விருத்தாசலத்துல பீங்கான் பொம்மைக்குக் கண்ணு எழுதறேன். சூளையில வேல பாக்குற கோகுலகிருஷ்ணன் எங்க ஷெட்டுல காலெடுத்து வெச்சா போதும், தகரக் கூரையிலேருந்து பொலபொலன்னு எதழு கொட்டும். ஈரப் பெயிண்ட்டுல ஒட்டிக்கும். பெருக்குற பூவாயி அக்கா, "ஒன் காதலுக்கு நான் வெளக்கமாறு புடிக்கணுமாடி?"ன்னு தெனமும் கத்தும். அந்த மரமண்டை மட்டும் தலையத் தட்டிவுட்டுக்கிட்டு போயிடும்.

இந்த லட்சணத்துல திட்டக்குடி பக்கத்து மங்களூர்லேருந்து என்னப் பொண்ணு பாக்க வந்துட்டாங்க. மாப்பிள்ளை கொளஞ்சிநாதன் நல்ல மனுசன்தான். காபி குடுத்தேன், ஒரு எதழு வுழுவல. அவங்கம்மா சொர்ணாம்பாள் என் தலையில பூ வெச்சிட்டா பேச்சு முடிஞ்சிது. அதுக்குள்ள எப்படி மறுக்கறதுன்னு தெரியாம நின்னேன்.

அந்த நேரம் பாத்து, வந்தவங்க ஒக்கார எங்கப்பா சூளையிலேருந்து கொண்டாரச் சொன்ன பிளாஸ்டிக் சேரத் தூக்கிக்கிட்டு கோகுலு உள்ள வந்தான். கொட்டுச்சி பாருங்க! மிக்சர் தட்டெல்லாம் ரோஸ் கலரு.

சொர்ணாம்பாள் கன்னத்துல போட்டுக்கிட்டு எழுந்தாங்க. "பழமலைநாதரே பூ குடுத்துட்டாரு! இதுக்கு மேல என்னங்க வேணும்?" மல்லிப்பூவ எடுத்துக்கிட்டு என் தலைக்கு வந்துட்டாங்க.

நான் தலைய இழுத்துக்கிட்டேன். "அம்மா, வெக்காதீங்க! இது சாமி குடுத்தது இல்ல. சேரு தூக்கிக்கிட்டு நிக்கிறானே, அவனுக்காகக் கொட்டுறது!"

அப்பா நம்பல. மாப்பிள்ளைய வெளிய போயி நிக்கச் சொன்னாரு. கொட்டிக்கிட்டே இருந்துச்சி. அவர உள்ள கூப்புட்டுட்டு கோகுல வெளிய அனுப்பினாரு. நின்னுபோச்சி. மறுபடி கோகுல உள்ள கூப்புட்டாரு, மறுபடி கொட்டுச்சி. கொளஞ்சிநாதனே சட்டையத் தட்டிக்கிட்டு, "அம்மா, அந்தப் பூவ பையில வையி"ன்னுட்டாரு.

அப்பா கோகுலு பக்கம் திரும்பினாரு. "இவ சங்கதி ஊருக்கே தெரிஞ்சிப்போச்சி. ஒன் சங்கதி என்னடா?"

இல்லன்னு சொல்லிட்டான்னா மாப்பிள்ளையும் போயி மானமும் போயி நிப்பேன்.

கோகுலு சேர கீழ எறக்கி வெச்சான். கணுக்கால் வரைக்கும் எதழு. தரையப் பாத்துக்கிட்டே சொன்னான்.

"இதுல பாதி என்னுதுங்க."