குடும்பத் தலைவர் என்ற கட்டம்

நீதிபதி இப்றாஹிம் சட்டத்தரணியாக இருந்த இருபது வருடமும் ஒரே பிடிவாதம்: சீதன வீட்டைப் பெண்ணின் பேரில் மட்டும்தான் எழுதுவார். மருமகனையும் சேர்க்கச் சொல்லி வந்த வாப்பாமாருடன் மல்லுக்கு நிற்பார். "மருமகனுக்கு உங்கட மகள் போதாதாமா, வீடும் வேணுமாமா?" என்று முகத்துக்கு நேரே கேட்பார். மருதமுனையில் அவரைத் திட்டித் தீர்த்த மாப்பிள்ளைமார் கொஞ்சநஞ்சமில்லை.

றாபியாவின் சீதன வீட்டு உறுதிப் பத்திரமும் அவர் எழுதியதுதான். சுனாமி அந்த வீட்டையும் அவளுடைய மூத்த மகளையும் கொண்டுபோனது. கரையோரத்தில் இனிக் கட்டக்கூடாது என்று அரசாங்கத்தில் சொன்னார்கள். உள்ளே வயல் பக்கம் ஒரு வீடு கொடுத்தார்கள். இப்போது, 2009 வைகாசியில், கணவன் மீராசா தலாக் சொல்லி, அவளை வெளியே தள்ளிக் கதவைப் பூட்டிவிட்டான். ஈரமில்லாத மனிசன்! வீட்டை மீட்டுத் தரச் சொல்லி அவள் போட்ட வழக்கு இப்றாஹிமிடமே வந்திருந்தது.

யுத்தம் முடிந்ததென்று நீதிமன்றத்துக்கு வெளியே சனம் கொளுத்திய வெடிச்சத்தம் காதைப் பிளந்தது. இப்றாஹிமுக்கு உள்ளுக்குள் ஒரு தெம்பு. இந்த வழக்கைத் தன்னைவிட யார் விளங்கிக்கொள்ளப் போகிறார்?

மீராசாவின் சட்டத்தரணி வீட்டு விண்ணப்பத்தை நீட்டினார். குடும்பத் தலைவர் என்ற கட்டத்தில் மீராசாவின் பெயர். வீடு அந்தப் பெயருக்குத்தான் கிடைத்திருந்தது.

யா அல்லாஹ், அது இப்றாஹிமே எழுதிய எழுத்து! சுனாமிக்குப் பிறகு பள்ளிக்கூட முகாமில் நூற்றுக்கணக்கான படிவங்களை அவர்தான் ஓடியோடி நிரப்பிக் கொடுத்தார். மகளைப் பறிகொடுத்த றாபியா அன்று பேச்சுமூச்சில்லாமல் கிடந்தாள். குடும்பத் தலைவர் யாரென்று தாள் கேட்டது; பக்கத்தில் நின்ற ஆம்பிளையின் பெயரை எழுதிவிட்டார். யோசிக்கவேயில்லை. இப்படி எத்தனை பெண்களின் வீட்டைத் தன் கையாலேயே பறித்தாரோ!

"இதை எழுதியவன் நான்தான்," என்றார் சபையறிய. "சாட்சி சொல்லலாம், தீர்ப்புச் சொல்ல ஏலாது. வழக்கு வேறு நீதிபதிக்குப் போகும்."

"எவ்வளவு நாள் எடுக்கும், சேர்?" றாபியா கேட்டாள்.

"வருசக்கணக்கும் ஆகலாம், தங்கச்சி."

"சின்னவள வச்சிக்கிட்டு நான் எங்க போற? கதவத் துறக்கச் சொல்லியாவது ஒரு கட்டள போடுங்க, சேர்."

வழக்கை விட்ட நிமிடமே அந்தக் கட்டளையைப் போடும் அதிகாரமும் அவர் கையை விட்டுப் போயிருந்தது. அதை அவளுக்கு எப்படிச் சொல்வதென்று தெரியாமல், அடுத்த வழக்கைக் கூப்பிடச் சொன்னார்.