ஒற்றைப் பூட்டு

தங்கபாண்டி டிரம்முக்குள் இருந்தான். அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்த மாதிரி விஷயத்தைக் கடைசிவரை பொத்தி வைத்துக் கேட்கிறவர்களைத் தவிக்கவிடுகிற பொறுமை எனக்குக் கிடையாது. அன்றைக்கு அவன் உள்ளே இருந்தது எங்கள் ஒருத்தருக்கும் தெரியாது. நீங்களாவது தெரிந்துகொண்டு கேளுங்கள்.

என் பேர் ஜெயபாக்கியம். போடியிலிருந்து சிலமலைக்குப் போகிற ரோட்டில் ஏலக்காய் சுத்தம் செய்கிற பட்டறை ஒன்று இருக்கிறது. அங்கே மிஷின் சூப்பர்வைசர். மலையில் உலர்த்திய காய் ஜீப்பில் வந்து எங்களிடம் இறங்கும். தூசி போக்கி, ரகம் பிரித்து அனுப்புவோம். அதற்கு முன்னால் காயை உரசி வால் உதிர்க்க வேண்டும். அதைச் செய்வது பாலிஷ் டிரம். உள்ளே சுற்றிலும் கம்பி வலை அடித்த பெரிய உருளை. ஓர் ஆள் உள்ளே மல்லாந்து படுத்து வேலை பார்க்கலாம், அவ்வளவு பெரிசு. அவன் படுத்திருக்கும்போது எவனாவது ஸ்விட்சைப் போட்டால் என்ன ஆகும் என்று நான் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

அதற்காகத்தான் பூட்டு. வெளிநாட்டுக்குக் காய் வாங்குகிற கம்பெனிக்காரர்கள் வந்து பார்த்து, இது இல்லாவிட்டால் உங்களிடம் வாங்க மாட்டோம் என்று முகத்துக்கு நேரே சொன்ன பிறகு வந்த ஏற்பாடு. மிஷினில் கை வைக்கிறவன் மெயின் ஸ்விட்சை அணைக்க வேண்டும். அதன் கைப்பிடியில் இரும்புக் கொண்டியை மாட்டி, அதில் தன்னுடைய சிவப்புப் பூட்டைப் போட்டு, தன் பேரும் போட்டோவும் உள்ள அட்டையைத் தொங்கவிட வேண்டும். பட்டனை அமுக்கி, ஓடவில்லை என்று நிச்சயம் பண்ணிக்கொண்ட பிறகுதான் உள்ளே இறங்கலாம். சாவி அவன் பையைவிட்டுப் போகக் கூடாது. இரண்டு பேர் இறங்கினால் இரண்டு பூட்டு. கொண்டியில் அதற்கென்றே வரிசையாக ஓட்டைகள் இருக்கின்றன. இதைச் சொல்லிச் சொல்லி என் தொண்டைத் தண்ணீர் வற்றிப்போனது.

அன்று காலையில் டிரம்மின் வலை ஓரத்தில் கிழிந்துவிட்டது. எங்கள் பிட்டர் சுருளி பூட்டைப் போட்டு அட்டையைத் தொங்கவிட்டு வேலையை ஆரம்பித்தான். கூட அவன் மச்சினன் தங்கபாண்டி. சுருளி கட்டியிருப்பது தங்கபாண்டியின் அக்கா பொன்னுமணியை. முக்கால்வாசி வேலை முடிந்தபோது கட்டுகிற கம்பி தீர்ந்துபோனது. கடைவீதியில் போய் வாங்கிவா என்று சுருளி மச்சினனை அனுப்பினான்.

அவன் போன கையோடு வாசலில் ஒரு ஜீப் வந்து ஆரன் அடித்தது. போடிமெட்டுக்கு அந்தப் பக்கம் ஓர் எஸ்டேட்டில் காய் உலர்த்துகிற மிஷின் நின்றுபோய், பச்சைக் காய் அப்படியே குவிந்து கிடக்கிறதாம். டிரைவர் பறக்கிறான். சுருளி போட்ட சட்டையோடு ஏறிப் போய்விட்டான். பூட்டு இங்கே, சாவி அவன் பையில்.

தங்கபாண்டியோ கடைவீதிக்கே போகவில்லை. பின்பக்க குடோனில் ஒரு சுருள் கம்பி கிடந்திருக்கிறது. அதை எடுத்துக்கொண்டு பின்வாசல் வழியாக வந்து, ஸ்விட்சில் மாமன் பூட்டு தொங்குவதைப் பார்த்துவிட்டு, மேலே காய் கொட்டுகிற வாய் வழியாக டிரம்முக்குள் இறங்கிவிட்டான். தன் பூட்டைப் போடவில்லை. பக்கத்தில் சல்லடை மிஷின் தடதடவென்று ஓடிக்கொண்டிருந்தது. உள்ளே இருக்கிறவனுக்கு வெளியே பேசுவது கேட்காது, அவன் சுத்தியல் சத்தம் எங்களுக்கும் கேட்காது.

நான் அந்தப் பக்கம் வந்தபோது கொண்டியில் ஒரே ஒரு பூட்டுதான் தொங்கியது. அட்டையில் சுருளி போட்டோ. எங்கள் முதலாளி பெத்துராஜும் அதே நேரத்தில் வந்தார்.

"ஏம்மா பாக்கியம், டிரம்மு ஏன் சும்மா நிக்குது? நாளைக்கு ஏலத்துக்கு வைக்கிற லோடு, சாயங்காலத்துக்குள்ள போகணும்ல?"

"சுருளி பூட்டு கெடக்கு மொதலாளி. ஆளு மலைக்குப் போயாச்சு."

"பூட்டப் போட்டுட்டு சாவிய மலைக்குக் கொண்டு போயிட்டானா? வெளங்கிரும்! போனப் போடு."

போட்டேன். அந்த ரோட்டில் வளைவுக்கு வளைவு டவர் போய்ப் போய் வரும். விடாமல் அடித்ததில் ஒருவழியாக எடுத்தான். எல்லாருக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் வைத்தேன்.

"அய்யய்யோ, மறந்தே போயிட்டேங்க்கா! ஓரத்துல கொஞ்சந்தான் பாக்கி. ஓட்டுனா ஒண்ணும் ஆகாது. மாப்ள கம்பி வாங்கப் போயிருக்கான். உள்ள யாரும் இல்ல. பூட்ட அறுத்துப் போட்ருங்க. நாந்தான சொல்றேன், அறுங்க."

காய் பொறுக்கிக்கொண்டிருந்த முத்துப்பிரியாவும் தலையைத் தூக்கி, "ஆமாக்கா, தங்கபாண்டி அண்ணே வெரசா வெளிய போனத நானும் பாத்தேன்" என்றாள்.

யாரும் பொய் சொல்லவில்லை, பாருங்கள். அத்தனை பேரும் தங்களுக்குத் தெரிந்த உண்மையைத்தான் சொன்னார்கள்.

முதலாளியே போய் ஆக்சா பிளேடை எடுத்துவந்து என் கையில் கொடுத்தார். ஆள் இல்லாத பூட்டை அறுக்கும் முன்னால் மிஷினைத் திறந்து உள்ளே பார்க்க வேண்டும், அது சட்டம். காய் கொட்டுகிற வாயில் எட்டினால் பாதிதான் தெரியும், முழுசாகப் பார்க்க வேண்டுமென்றால் டிரம்மின் கதவு சுவர்ப் பக்கம் இருக்கிறது. சுற்றிப் போய், மூட்டைகளை நகர்த்தி, நட்டு கழற்ற வேண்டும். நான் ஸ்பானரைத் தேடினேன்.

"அதான் பூட்டுக்காரனே சொல்லிட்டான்ல. இன்னும் என்னத்தப் பாக்கப் போற? பொம்பளைகிட்டப் பொறுப்பக் குடுத்தா இப்படித்தான், பொழுது விடிஞ்சு பொழுது போயிரும்" என்றார், அத்தனை பெண்களுக்கு முன்னாலும்.

எனக்குச் சுள்ளென்று ஏறிவிட்டது. "அறுக்கப்போறது ஒங்க கையா, எங் கையா? எங் கைன்னா நான் பாத்துட்டுத்தான் அறுப்பேன். ஒங்க கைன்னா, இந்தாங்க பிளேடு, நீங்களே அறுங்க. நான் வீட்டுக்குப் போறேன்."

அவர் பிளேடை வாங்கிக்கொண்டார். ஆனால் அறுக்கவில்லை, முறைத்துக்கொண்டு நின்றார். நான் மூட்டைகளை இழுத்துப் போட்டேன். உனக்கு அப்போதே மனசில் ஏதோ பட்டிருக்கும் என்று பின்னால் பலபேர் சொன்னார்கள். ஒரு மண்ணும் படவில்லை. சட்டம் பாதி, வீம்பு பாதி. உள்ளே காலியாக இருப்பதைப் பார்த்துவிட்டு வந்து, அவர் முகத்துக்கு நேரே அந்தப் பூட்டை அறுக்க வேண்டும் என்றுதான் நட்டைத் திருகினேன்.

கதவைத் திறந்தேன். இரண்டு பாதங்கள் தெரிந்தன. அதற்கு அப்பால் தங்கபாண்டி மல்லாந்து படுத்து, பல்லில் கம்பியைக் கடித்துக்கொண்டு வலையைக் கட்டிக்கொண்டிருந்தான்.

"வாங்கக்கா. அந்தக் குறடு கால்மாட்டுல விழுந்துருச்சு, எடுத்துக் குடுங்க" என்றான்.

எடுத்துக் கொடுத்தேன். என் கை பாட்டுக்கு எடுத்துக் கொடுத்தது. அப்புறம் மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டேன். முதலாளி வந்து குனிந்து பார்த்தார். பார்த்தவர் நேரே போய்ச் சல்லடை மிஷினைத் தன் கையாலேயே நிறுத்தினார். பட்டறை முழுக்க அமைதியாகிவிட்டது.

தங்கபாண்டி என்னவோ ஏதோ என்று வெளியே வந்தான். வந்ததும் பளாரென்று ஓர் அறை விட்டேன்.

"ஒம் பூட்டு எங்கடா?"

கன்னத்தைப் பிடித்துக்கொண்டு கால்சட்டைப் பையிலிருந்து எடுத்துக் காட்டினான். கீறல் விழாத புதுப் பூட்டு.

"பைக்குள்ள வச்சு அடைகாக்கவாடா குடுத்தோம்? ஏண்டா போடல?"

"மாமா பூட்டு கெடக்கும்போது அதுக்குப் பக்கத்துல நான் எப்படிக்கா போடுறது? அவுக என்ன நெனப்பாக? எங்க ஊரு ஆளுக இங்க எத்தன பேரு சோலி பாக்குறாக. பாத்தா என்ன பேசுவாக?"

அவன் ராசிங்காபுரத்துக்காரன். எனக்குப் புரிந்துவிட்டது. இந்தப் பக்கத்து ஊர்களில் ஒரு கிணற்றுக்கு அண்ணன் தம்பி, மாமன் மச்சான் என்று பங்குக்காரர்கள் பலபேர் இருப்பார்கள். மோட்டார் ரூமுக்கு ஒரே பூட்டுதான் தொங்கும், சாவி பெரியவர் வீட்டில் இருக்கும். அந்தக் கதவில் ஒரு நாள் இரண்டு பூட்டு தொங்கினால் ஊருக்கே சேதி தெரிந்துவிடும், அந்த வீட்டில் பேச்சுவார்த்தை நின்றுபோச்சு, இனி நல்லது கெட்டதுக்குக்கூடப் போக்குவரத்து இருக்காது என்று. மாமன் பூட்டுக்குப் பக்கத்தில் தன் பூட்டை மாட்டுவது அவனுக்கு மாமன் முகத்தில் காறித் துப்புவது மாதிரி. உயிரே போனாலும் போடமாட்டான். போகத்தான் இருந்தது.

டிரம்மை அன்றைக்கு ஓட்டவில்லை. "அடுத்த ஏலத்துக்குப் போகட்டும்" என்று முதலாளி லோடுக்காரரிடம் தானே சொல்லிவிட்டார். என்னிடம் வந்து, "பாக்கியம், நான் பேசுனது தப்புத்தாம்மா" என்றார். அவர் வாயிலிருந்து அது வரும் என்று நான் நினைத்ததில்லை. சுருளிக்குப் போன் பண்ணப் போன முத்துப்பிரியாவையும் அவர்தான் தடுத்தார். மலை ரோட்டில் வருகிறவனுக்கு இதைச் சொல்லக் கூடாது என்றார்.

வெயில் இறங்குகிற நேரத்துக்குச் சுருளி சிரித்துக்கொண்டே வந்தான். "என்னக்கா, எம் பூட்ட அறுத்தாச்சா? புதுசுக்கு யாரு காசு குடுக்குறது?" என்றவன், ஸ்விட்சில் பூட்டு முழுசாகத் தொங்குவதைப் பார்த்தான். "அறுக்கலயா?"

நடந்ததைச் சொன்னேன். கேட்டுவிட்டுப் போய்த் தன் பூட்டைக் கையில் பிடித்துப் பார்த்தான். பிறகு ஒன்றே ஒன்று கேட்டான்.

"நான் போன்ல அறுன்னு சொன்னப்ப, மாப்ள உள்ளதான் இருந்தானாக்கா?"

"ஆமா சுருளி."

அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். துண்டை வாயில் வைத்து அழுத்திக்கொண்டும் அழுகை நிற்கவில்லை. "எவ்வளவு தைரியமாச் சொன்னேன்... அறு அறுன்னு எம் வாயாலயே சொன்னேனே... பொன்னுமணி மூஞ்சிய நான் எப்படிப் பாப்பேன்?"

"விடுங்க மாமா. அதான் ஒண்ணும் ஆகலைல" என்று தங்கபாண்டி அவன் தோளைத் தொட்டான்.

கொஞ்ச நேரம் கழித்துச் சுருளி எழுந்து முகம் கழுவிவிட்டு வந்தான். வலை வேலை இன்னும் கொஞ்சம் பாக்கி இருந்தது.

"ஒம் பூட்டப் போடு மாப்ளே."

தங்கபாண்டி அசையவில்லை. பொறுக்குகிற பெண்கள் எல்லாரும் இவர்களையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பாதிப் பேர் அவன் ஊர்க்காரிகள்.

"ஊரு பாக்கட்டும். போடுறா."

போட்டான். பட்டனை அமுக்கிப் பார்த்தான், ஓடவில்லை. பிறகு, அடிபட்ட மாட்டைப் போல மாமன் முகத்தையே பார்த்துவிட்டு, பூட்டிய சாவியை அவனிடம் நீட்டினான்.

"இந்தாங்க மாமா. ஒங்ககிட்டயே இருக்கட்டும்."

சுருளி இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு ஓரடி பின்னால் போனான். கண்ணீர் மறுபடியும் பொலபொலவென்று இறங்கியது.

"எங்கிட்டத் தராத மாப்ளே. நான் கேட்டாலும் தராத. நான் அழுது கேட்டாலும் தராத."

தங்கபாண்டி சாவியைத் தன் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு டிரம்முக்குள் இறங்கினான்.