கயிற்றுத் தடம்

பதுளையில் பெண் பார்க்கும் படம் எடுக்க வேண்டுமென்றால் தம்பையாவின் ஸ்டூடியோவுக்குத்தான் போவார்கள். படம் எடுப்பதில் அவரை மிஞ்ச ஊரில் இரண்டு பேர் இருந்தார்கள். எடுத்த படத்தை அழகாக்குவதில் ஒருவரும் இல்லை. நெகட்டிவ்வை வெளிச்சப் பலகையில் வைத்து, சின்னக் கத்தியால் சுரண்டியும் பென்சிலால் தீற்றியும் அம்மைத் தழும்பு, மரு, கண்ணடிக் கருமை எல்லாவற்றையும் காணாமல் செய்துவிடுவார். அந்தப் படத்தை நம்பிப் போய், பெண்ணை நேரில் பார்த்துப் பேயறைந்தது போல் நின்ற மாப்பிள்ளைகள் லுணுகலை வரைக்கும் உண்டு.

அந்த மனிதருக்கு 1974ஆம் ஆண்டில் ஓர் ஆசை வந்தது. ஆடையில்லாத ஒரு பெண்ணைக் கலையாகப் படம் எடுத்துக் கொழும்புக் கண்காட்சிக்கு அனுப்ப வேண்டும். யாரைக் கேட்பது? பதுளையில் வாய் திறந்தால் செருப்புத்தான் பறந்து வரும். கடைசியில், நாற்பதை நெருங்கிய மனைவி ஜெயலெட்சுமியிடமே கேட்டார்.

மூன்று நாள் அவள் முகம் கொடுத்துப் பேசவில்லை. நான்காம் நாள் சோறு போடும்போது சொன்னாள்.

"முதுகு மட்டுந்தான். மூஞ்சி தெரியக் கூடாது. அனுப்புறதுக்கு முந்தி எனக்குக் காட்டணும்."

"சத்தியமா காட்டுறேன்."

"என் இடுப்புல என்ன இருக்குன்னு தெரியும்ல? அப்புறம் குறை சொல்லாதீங்க."

தெரியாமல் என்ன? பின்னிடுப்பில் குறுக்கே வெளுத்துக் கிடக்கும் ஒரு தழும்பு. கல்யாணத்துக்கு முன்பு ஸ்பிரிங்வெளித் தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து பறித்தவள் அவள். மழையும் செடியும் படாமலிருக்கச் சேலைக்கு மேல் சாக்குப் படங்கைச் சுற்றிக் கயிற்றால் இறுக்குவார்கள். ஒரு மழைக்காலத்தில் கயிறு அறுத்துப் புண்ணாகி, அந்தப் புண்ணோடே தினமும் வேலைக்குப் போய், மெல்ல ஆறிய இடம் அது. புதுப்பெண்ணாக அதைக் கையால் மூடியவளிடம் "மறைக்காத" என்று சொன்னவர் தம்பையா. பதினெட்டு வருடமாக அந்த ஒரு சொல்லை அவள் பத்திரமாக வைத்திருந்தாள்.

ஞாயிற்றுக்கிழமை, வீடும் ஸ்டூடியோவும் இருந்த மாடிக்குக் கீழே பாறூக்கின் துணிக்கடை பூட்டியிருந்தது. விடிந்ததிலிருந்தே அவளை நாடா இல்லாத தொளதொளப்பான அங்கியோடு உட்காரவைத்திருந்தார். பாவாடை நாடா பதிந்த தடம் தோலைவிட்டுப் போக மூன்று மணி நேரமாவது வேண்டும். குளிரில் உடம்பு சிலிர்த்தால் படம் கெட்டுவிடும் என்று பக்கத்தில் கரியடுப்பு. ஜன்னலைப் பார்த்தபடி ஸ்டூலில் அமர்ந்து அவள் அங்கியை இறக்கினாள். நாடாவின் தடங்கள் போயிருந்தன. தழும்பு மட்டும் இருந்தது.

"மூச்சப் பிடிக்காத ஜெயா, தோள் ஏறுது."

"அசையாத அசையாதன்னா நான் என்ன கோயில் சிலையா? கரி முடியப் போகுது, வெரசா எடுங்க."

இருவரும் சிரித்துவிட்டார்கள். சிரித்து அடங்கியபோது அவள் தோள்கள் தானாக இறங்கின. அந்த நொடியில் எடுத்தார். அதைப் போல ஒரு படம் அவர் அதற்கு முன்னும் எடுத்ததில்லை, பின்னும் எடுக்கவில்லை.

கண்காட்சிக்கு அனுப்பவேண்டிய கடைசி நாளில் அவள் தங்கை வீட்டுக்குப் போயிருந்தாள். தூசிப் புள்ளிகளை மட்டும் எடுக்கலாமென்றுதான் நெகட்டிவ்வோடு உட்கார்ந்தார். கத்தி தழும்புக்குப் போய்விட்டது. பழக்கத்தில் கை தானாகச் செய்துவிட்டது என்று பிற்பாடு தனக்கே சொல்லிக்கொண்டார். நான் நம்பமாட்டேன். அதைச் சுரண்ட முக்கால் மணி நேரமாகும். அவ்வளவு நேரம் எந்தக் கையும் தனியாக வேலை செய்யாது. படத்தை அச்சிட்டு, அவளுக்குக் காட்டாமலே தபாலில் சேர்த்தார்.

இரண்டு மாதம் கழித்துப் படம் பரிசோடு திரும்பி வந்தது. பெருமையோடு அவள் முன்னால் பிரித்தார். அவள் நெடுநேரம் பார்த்தாள்.

"யாருங்க இது?"

"என்ன ஜெயா, நீதான்."

அவள் படத்தில் இடுப்பருகே விரலை வைத்தாள். "மூஞ்சிய மறைக்கச் சொன்னது நானு. இத மறைக்கச் சொன்னது யாரு?"

"கொழும்புல பாக்குறவங்களுக்கு அது என்னன்னு விளங்காதுன்னுதான்..."

"உங்களுக்கு விளங்குச்சுல்ல?"

அழவில்லை, சண்டை போடவில்லை. அன்றிலிருந்து உடை மாற்றும்போது அறைக் கதவைத் தாழிட்டாள். பதினெட்டு வருடம் கேட்காத அந்தத் தாழ்ப்பாள் சத்தம் தினமும் தம்பையாவின் நெஞ்சை அறுத்தது.

ஒரு மத்தியானம் நெகட்டிவ்வை மறுபடி பலகையில் வைத்தார். வெளுத்த கோடுதானே, நெகட்டிவ்வில் பென்சிலால் கறுப்பாகத் தீற்றினால் படத்தில் வெள்ளையாகத் திரும்ப வந்துவிடும். அவருக்கு அது ஐந்து நிமிட வேலை. பென்சில் நின்றது. தழும்பு வலப்பக்கம் தொடங்கியதா, இடப்பக்கமா? முதுகெலும்பின் மேல் தடித்திருந்ததா, மெலிந்திருந்ததா? எவ்வளவு யோசித்தும் நினைவுக்கு வரவில்லை. வெட்கத்தை விட்டு வீட்டுக்குள் போனார். அவள் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள்.

"ஜெயா, ஒரே ஒரு தடவ காட்டு. பாத்து அப்படியே போட்டுர்றேன்."

அவள் நிமிர்ந்து அவர் கையிலிருந்த பென்சிலைப் பார்த்தாள்.

"ஞாபகம் இல்லையா?"

அவர் பென்சிலை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார்.

"இத்தன வருஷமா பாத்தீங்கன்னு நெனச்சிருந்தேங்க" என்றாள். முந்தானையை இழுத்து இடுப்பை மூடிச் செருகிக்கொண்டு, மறுபடி முறத்தில் குனிந்தாள்.