உள்ளே விழுந்த தாழ்ப்பாள்

சுற்றுலாக் கொடி பிடித்தவர் பின்னால் கூட்டத்தோடு கூட்டமாக நடப்பது என்றாலே ஓகினோ செட்சுவுக்கு ஆகாது. ஒசாகாவில் சொந்தமாகக் கடை வைத்து, கொதிக்கிற இரும்புக் கல்லின் முன் நின்று முட்டைக்கோஸ் அப்பம் சுட்டே அறுபத்து நாலு வயதைத் தொட்டவள். யார் பின்னாலும் நடந்து பழக்கமில்லை. முழங்கால் வேறு மழைக்கு முன்னாலேயே வலிக்க ஆரம்பித்துவிடும். அதனால்தான் வடக்கே மலையடியில் உள்ள ககுனோதாத்தே ஊரைப் பார்க்க வேண்டும் என்று அவள் அடம்பிடித்தபோது, அவளுக்கு மட்டும் என்று ஒரு வழிகாட்டியை அரை நாளுக்கு ஏற்பாடு செய்துகொடுத்தான் மகன்.

ரயில் நிலைய வாசலில் காத்திருந்த வழிகாட்டியின் பெயர் கினுவே. நாற்பத்தைந்து வயதிருக்கும். ஒல்லியான உடம்பு, சுருக்கமில்லாத சட்டை, அளந்து வைத்த புன்னகை. பார்த்தவுடனே செட்சுவுக்குப் பிடிக்கவில்லை.

"இதை இடுப்புல மாட்டிக்குங்கம்மா," என்று ஒரு சின்ன மணியை நீட்டினாள் கினுவே. "இந்த வருஷம் மலையில கரடி தின்கிற கொட்டையே காய்க்கல. கரடிங்க ஊருக்குள்ள வருது. காலையில கூட ஒலிபெருக்கியில சொன்னாங்க."

"என்னை என்ன மாடுன்னு நெனச்சியா, மணி கட்டுறதுக்கு? நான் பேசுற சத்தத்துக்கே கரடி ஓடிடும்."

கினுவே இரண்டு மணிகளையும் தன் இடுப்பிலேயே மாட்டிக்கொண்டாள். முகத்தில் ஒன்றையும் காட்டவில்லை. அது செட்சுவை இன்னும் எரிச்சல்படுத்தியது.

அந்தக் காலத்துச் சாமுராய்ப் போர்வீரர்கள் குடியிருந்த தெரு. இருபுறமும் கறுப்புப் பலகை வேலிகள், அவற்றுக்கு மேலே சிவந்து உதிர்கிற மேப்பிள் இலைகள். கினுவே ஒவ்வொரு வாசலிலும் நின்று, எந்தக் குடும்பம், எந்தப் பிரபுவிடம் சேவகம், எத்தனை தலைமுறை என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

"என்னம்மா இது, சாமுராய் சாமுராய்னு சொல்றே, வீடு என் கடை கக்கூஸ் அளவுக்குத்தான் இருக்கு," என்றாள் செட்சு.

"இது வேலைக்காரங்க இருந்த அறைம்மா. வீடு பின்னால இருக்கு."

செட்சுவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டாள். பொண்ணுக்குப் பல் இருக்கிறது, கடிக்கவும் தெரிகிறது.

கடைசியாகப் போனது சசமோரி வீடு. தோட்டத்தின் கோடியில் வெள்ளைச் சுவர் எழுப்பிய பழைய பண்டகசாலை ஒன்று இருந்தது. அதற்குள் கவசங்களையும் பாத்திரங்களையும் காட்சிக்கு வைத்திருந்தார்கள். வாசலில் சீட்டுக் கிழித்துக் கொடுத்தவன் ஹிரோமு, கினுவேயின் கொழுந்தன். பூனைக்கண்ணும் மெல்லிய குரலுமாக, "அண்ணி, வாங்க வாங்க. டீ போடட்டா? கிழங்கு வாங்கி வச்சிருக்கேன்," என்று உபசரித்தான். கினுவே முதல்முறையாக உண்மையாகச் சிரித்ததைச் செட்சு பார்த்தாள். இவனிடம் அவளுக்குப் பாசம் போலிருக்கிறது. அன்று அந்த வீட்டுக்கு வேறு ஆள் யாரும் வரவில்லை. ஹிரோமு டீ எடுக்கப் பண்டகசாலைக்குள் போனான். கினுவே பின்னாலேயே நடந்தாள். செட்சு முழங்காலைப் பிடித்தபடி, தோட்டத்தின் வாசல் பக்கக் கோடியில் கிடந்த, அரிசி இடிக்கிற பெரிய கல்லுரலின் விளிம்பில் உட்கார்ந்துவிட்டாள். உரலுக்குப் பக்கத்தில் தலை பெருத்த மரச் சம்மட்டி சாத்தியிருந்தது.

மரக்கிளை முறிகிற சத்தம் கேட்டது. வேலி ஓரத்தில் நின்ற பெர்சிமன் பழ மரத்திலிருந்து கறுப்பாக ஏதோ தொப்பென்று விழுந்து எழுந்தது. எழுந்தபோதுதான் அதன் நெஞ்சில் இருந்த வெள்ளைப் பிறை தெரிந்தது. கரடி.

செட்சுவுக்குக் குரல் வரவில்லை. வாழ்க்கையிலேயே முதல் தடவையாக வாய் திறந்தும் சத்தம் வரவில்லை.

கரடிக்கு அருகில் இருந்தவள் கினுவேதான். அவள் பண்டகசாலையை நோக்கி ஓடினாள். கதவு பாதி திறந்திருந்தது, உள்ளே ஹிரோமுவின் முகம் தெரிந்தது. அவன் கரடியைப் பார்த்தான். அண்ணியையும் பார்த்தான். கதவு மூடியது. அதன் பின்னால் இரும்புத் தாழ்ப்பாள் விழுகிற சத்தம் தோட்டத்தின் இந்தக் கோடிவரை தெளிவாகக் கேட்டது.

"ஹிரோமு! நான்தான், அண்ணி! திற! ஹிரோமு!" இரண்டு கைகளாலும் கதவில் அறைந்தாள் கினுவே.

கரடி அவள் முதுகில் ஏறியது. அவளைக் கதவோடு சேர்த்து அழுத்தித் தோளைக் கவ்வி உலுக்கியது. சட்டை கிழிந்து, சதை கிழிந்து, வெள்ளைச் சுவரில் ரத்தம் விசிறி அடித்தது. கினுவேயின் அலறல் மனிதக் குரலாகவே இல்லை.

அப்போது தான் என்ன நினைத்தோம் என்பது செட்சுவுக்குப் பின்னால் எவ்வளவு யோசித்தும் நினைவுக்கு வரவில்லை. கையில் மரச் சம்மட்டி இருந்தது, முழங்கால் வலிக்கவில்லை, தோட்டத்தைத் தாண்டியிருந்தாள். அவ்வளவுதான். சம்மட்டியைத் தலைக்கு மேல் தூக்கிக் கரடியின் முதுகில் இறக்கினாள். ஈர மூட்டையில் அடித்தது போல் இருந்தது. அது திரும்பக்கூட இல்லை.

"விடுடா! சனியனே, விடுடா அவளை!"

இரண்டாவது அடி காதுக்குப் பின்னால் விழுந்தது. கரடி கினுவேயை உதறிப் போட்டுவிட்டுத் திரும்பியது. அதன் வாயின் நாற்றம் முகத்தில் அடித்தது. அது கையை வீசியதைச் செட்சு பார்க்கவில்லை. இடது பக்கம் முழுக்க ஏதோ சூடாகக் கொட்டியது, கொதிக்கும் எண்ணெய் தெறித்தது போல. உலகம் பாதியாகிவிட்டது. ஆனாலும் அவள் விழவில்லை. எண்ணெய் தெறித்தால் கையிலிருப்பதைப் போட்டுவிட்டு ஓடுகிறவள் கடை நடத்த முடியாது. மிச்சமிருந்த பாதி உலகத்தில் கறுப்பாகத் தெரிந்ததன் மூக்கைப் பார்த்துச் சம்மட்டியைக் குறுக்கே வீசினாள். எலும்பு நொறுங்கியது கைப்பிடி வழியாகவே தெரிந்தது. இன்னொரு தடவை வீசினாள். அதே இடம்.

கரடி குழந்தை மாதிரி வீறிட்டது. பின்னங்காலால் மண்ணை வாரி இறைத்துக்கொண்டு, வேலிப் பலகையை உடைத்து ஆற்றுப் பக்கம் ஓடியது. அங்கே வேட்டைக்காரர்கள் அதைச் சுட்டுவிட்டதாகப் பிறகு சொன்னார்கள்.

செட்சு உட்கார்ந்தாள். கினுவே மண்ணில் குப்புறக் கிடந்தபடி மூச்சுவிட்டுக்கொண்டிருந்தாள். பண்டகசாலைக் கதவு திறக்கவில்லை. ஆம்புலன்ஸ் சத்தம் தெருமுனைக்கு வந்த பிறகுதான் திறந்தது.

செட்சுவின் இடது கண்ணைக் காப்பாற்ற முடியவில்லை. கினுவேயின் தோளில் எலும்பைக் கம்பி வைத்துக் கட்டி, சதையைத் தைத்தார்கள். இரண்டு பேருக்கும் ஒரே அறை, பக்கத்துப் பக்கத்துக் கட்டில். அறுவைச் சிகிச்சை முடிந்து நினைவு தெளிந்த பிறகு ஒரு போலீஸ்காரர் நாற்காலி போட்டு உட்கார்ந்து விசாரித்தார். இளவயது, நல்ல மாதிரி.

"சீட்டு கொடுத்தவர், பண்டகசாலைக் கதவு இறுகிக்கிச்சு, உள்ளேயிருந்து எவ்வளவு இழுத்தும் வரலேன்னு சொல்றாரு," என்றார் அவர். "நீங்க என்னம்மா பார்த்தீங்க?"

கினுவே கூரையைப் பார்த்தபடி பதில் சொன்னாள். "பழைய கதவு. ஈரத்துல உப்பிக்கும். எப்பவுமே அப்படித்தான்."

"அடிப்பாவி!" என்றாள் செட்சு. கட்டுப்போட்ட தலையைத் திருப்பினால் உயிர் போகிறது, ஆனாலும் திருப்பினாள். "தாழ்ப்பாள் விழுந்துச்சே! என் காதால கேட்டேன். நீ கதவுல ஒட்டிக்கிட்டு நின்னே, உனக்கு கேக்கலையா?"

கினுவே கண்ணை மூடிக்கொண்டாள்.

"பாட்டிம்மா, அந்த நேரத்துல பயத்துல எத்தனையோ சத்தம் கேக்கும்," என்றார் போலீஸ்காரர்.

"யாருடா உனக்கு பாட்டி? போனது கண்ணு. காது இல்ல."

அப்போதுதான் ஹிரோமு வந்தான். கறுப்புக் கோட்டு, கழுத்துப் பட்டை, கையில் அழகாகக் கட்டிய ஆப்பிள் பெட்டி. வாசலிலேயே இடுப்பு ஒடிய வணங்கினான். முதலில் அண்ணியின் கட்டிலைப் பார்த்து, பிறகு செட்சுவைப் பார்த்து. "எங்க அண்ணியைக் காப்பாத்தினீங்க. எப்படி நன்றி சொல்றதுன்னே தெரியல."

"கிட்ட வாப்பா," என்றாள் செட்சு. குரலைத் தேனாக்கிக்கொண்டாள். "ஒத்தக் கண்ணுல ஒண்ணும் சரியா தெரியல. இன்னும் கொஞ்சம் கிட்ட."

அவன் குனிந்தான். கழுத்துப் பட்டையைக் கையில் இரண்டு சுற்றுச் சுற்றி இழுத்து, அவன் முகத்தைக் கட்டிலின் இரும்புக் கம்பியில் மோதினாள். ஒரு தடவை. மறுபடியும். காலமெல்லாம் இரும்புக் கரண்டி பிடித்த கை அது. ஆப்பிள்கள் தரையெங்கும் உருண்டன. மூன்றாவது மோதலில் அவன் முன்பல் ஒன்று போர்வையில் விழுந்தது. போலீஸ்காரர் அவள் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து அவனை விடுவிப்பதற்குள் செவிலியர் இருவர் ஓடி வந்திருந்தார்கள். செட்சுவின் கண்ணைச் சுற்றிய துணிக்கட்டில் ரத்தம் ஊறிக்கொண்டிருந்தது.

"இது தாக்குதல்! இதுக்கு வழக்குப் போட வேண்டியிருக்கும்!" என்று போலீஸ்காரர் கத்தினார்.

ஹிரோமு கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டு தலையாட்டினான். "வேணாம் சார், விட்டுடுங்க. பாவம், அதிர்ச்சியில ஏதோ பண்றாங்க. நான் மன்னிச்சுட்டேன்."

"ஹிரோமு, வாயை மூடு."

எல்லோரும் திரும்பினார்கள். கினுவே ஒற்றைக் கையை ஊன்றி எழுந்து உட்கார்ந்திருந்தாள். முகம் சுண்ணாம்பாக வெளுத்திருந்தது.

"நீ அவங்களை மன்னிக்கிறியா? நீயா?" அளந்த குரலெல்லாம் போய்விட்டிருந்தது. "கதவு இறுகல சார். இவன் என் மூஞ்சியைப் பார்த்துக்கிட்டே சாத்தினான். தாழ்ப்பாள் போட்டான். நான் பேர் சொல்லிக் கூப்பிட்டேன். அந்தப் பக்கம் இவன் மூச்சு விடுறது எனக்குக் கேட்டுச்சு. கதவுக்குப் பின்னாலயேதான் நின்னான்."

ஹிரோமுவின் கைக்குட்டை கீழே இறங்கியது. "அண்ணி... கை தானா போட்டுடுச்சு அண்ணி. சத்தியமா. அப்புறம் திறக்கணும்னுதான் நின்னேன். தாழ்ப்பாள் மேலதான் கை வச்சிருந்தேன். திறந்தா அது உள்ள வந்துடும்னு..."

"தெரியும். வெளிய போ."

அவன் ஆப்பிள்களுக்கு நடுவே மண்டியிட்டு, நெற்றி தரையில் பட விழுந்தான். யாரும் எழுந்திருக்கச் சொல்லவில்லை. கடைசியில் போலீஸ்காரர்தான் அவனைத் தூக்கிக் கூட்டிக்கொண்டு போனார். கதவைச் சாத்தியதற்குச் சட்டத்தில் தண்டனை எதுவும் இருப்பதாகத் தனக்குத் தெரியவில்லை என்று வாசலில் நின்று சொன்னார். செட்சு மேல் வழக்கும் போடவில்லை.

செவிலியர் துணிக்கட்டை மாற்றிவிட்டுப் போனார்கள்.

"முதல்ல ஏன் பொய் சொன்னே?" என்று கேட்டாள் செட்சு.

"அவன் தம்பி மாதிரிம்மா. இந்த ஊர்லதான் நான் இருந்தாகணும். மாமியார், வீட்டுக்காரர்... இனிமே யாரும் என் முகத்துல முழிக்க மாட்டாங்க." கினுவே அழ ஆரம்பித்தாள். "உங்க கண்ணு போச்சு. பக்கத்துல படுத்துக்கிட்டே பொய் சொன்னேன்."

"ஆமா. சொன்னே." செட்சுவால் அதை லேசாக விட முடியவில்லை, விடவும் விருப்பமில்லை. சற்றுப் பொறுத்து, "உள்ள நான் இருந்திருந்தா என்ன பண்ணியிருப்பேனோ, எனக்கே தெரியல பொண்ணே," என்றாள். "ஆனா பண்ணிட்டு ஆப்பிளைத் தூக்கிக்கிட்டு வந்திருக்க மாட்டேன்."

சொன்னதும் அவளுக்கும் அழுகை வந்துவிட்டது. ஒரு கண் அழுதது. இல்லாத கண்ணின் குழி கட்டுக்குள்ளே நெருப்பாய் எரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருந்தாள்.

கினுவே பயந்தபடிதான் நடந்தது. பனிக்காலம் முழுக்க அவள் கணவன் அவளோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. பனி உருகியதும் அவள் தனியாக வீடு பார்த்துப் போய்விட்டாள். வழிகாட்டி வேலையை மட்டும் விடவில்லை. ஹிரோமு அதே சீட்டு ஜன்னலில்தான் உட்கார்ந்திருக்கிறான். புதுப் பல் கட்டியிருக்கிறான் என்று கேள்வி.

செட்சு ஒசாகாவுக்குத் திரும்பி மறுபடியும் கல்லின் முன் நின்றாள். ஒற்றைக் கண்ணுக்குத் தூரம் பிடிபடாமல் முதல் நாளே உள்ளங்கையைச் சுட்டுக்கொண்டாள். ஒரு வாடிக்கையாளன், "கரடிக்கே பயப்படாதவங்க கல்லுகிட்ட கையைச் சுட்டுக்கலாமா?" என்று கேட்டுச் சிரித்தான். எண்ணெய் சொட்டும் கரண்டியோடு அவள் அவன் பக்கம் திரும்பினாள். அவள் திரும்பிய விதத்தைப் பார்த்துவிட்டு அவன் சிரிப்பை விழுங்கிக்கொண்டான். தெருவுக்கு இறங்கிய பிறகுதான் அவனுக்கு மூச்சு வந்தது.