கேரியரைப் பிடித்தவன்

ஆசிய விளையாட்டுப் போட்டி பார்க்கக் கம்பெனி ஒரு பஸ் விட்டது. தோஹா தொழிற்பேட்டை கேம்ப்பிலிருந்து அதில் போன ஐயப்பன், சைக்கிள் ஸ்பிரிண்ட் பார்த்துவிட்டு வந்து என்னிடம் சொன்னான்.

"வாசு அண்ணே, ரெண்டே பேரு. ஒருத்தனும் மிதிக்க மாட்டேங்கிறான். அப்படியே நிக்கிறான், காலே ஊனல. பொங்கலுக்கு நம்மூர்ல வைப்பாங்கல்ல ஸ்லோ சைக்கிள், அதேதாண்ணே."

"கடைசியில யார் ஜெயிச்சா?"

"சமோசா குடுத்தாங்க. வரிசையில நிக்கப் போயிட்டேன்."

எல்லாவற்றுக்கும் அந்தச் சமோசாதான் காரணம்.

அடுத்த மாதம் கேம்ப்பிலேயே 'முதல் சர்வதேச விளையாட்டு விழா' என்று பேனர் கட்டினார் மேனேஜர் சேதுமாதவன். நேபாளி, பாகிஸ்தானி, இலங்கைக்காரர், நாங்கள். அவருக்கு அது போதும். சைக்கிள் ஸ்பிரிண்டும் உண்டு. மெஸ்ஸைச் சுற்றி இரண்டு சுற்று. ஜெயிக்கும் ரூமில் ஒருவருக்கு உடனே லீவு, டிக்கெட்டோடு.

எங்கள் ரூம் சோலையப்பனுக்கு அது வேண்டும். தை மாதம் உமாராணியோடு கல்யாணம். சூப்பர்வைசர் "லீவு மாஃபி, கிடையாது" என்றுவிட்டார். தையில் வராவிட்டால் வேறு மாப்பிள்ளை பார்ப்போம் என்று பெண்ணின் அப்பா போனில் சொல்லிவிட்டார். அதிலிருந்து போன் அடித்தாலே சோலையப்பன் பாத்ரூமுக்குள் போய்விடுவான்.

நான் கல்லூரியில் ஸ்லோ சைக்கிள் சாம்பியன். அது தெரிந்ததும், கடைசியாக வருகிறவனுக்குத்தான் வெற்றி என்று ஐயப்பன் பேச்சை நம்பி, ரூமே கூடி என் பெயரைக் கொடுத்தது. "ஓடாம ஜெயிக்கிற ஒரே ஆள் நீங்கதான்" என்று என் மனைவி ஷியாமளா சிரிப்பாள். அவள் இறந்து இரண்டு வருடம். ஓடிப் போய்ப் பார்க்க ஆளில்லை; நிற்பது இப்போது இன்னும் சுலபம்.

எதிராளி ஒருவர்தான், முகம்மது சித்தீக். பெஷாவர்க்காரர், தண்ணீர் டேங்கர் டிரைவர். அவர் தொடையும் என் இடுப்பும் ஒரே அளவு.

கோட்டை முதலில் தாண்டுகிறவர்தான் வெற்றி என்று மேனேஜர் மைக்கில் இந்தியில் சொன்னார். எங்கள் ஆட்கள் ஜெனரேட்டர் பக்கம் நின்றிருந்தார்கள். அவர்களுக்கு எதுவும் கேட்கவில்லை. எனக்குக் கேட்டது. இறங்கிவிடலாமா என்று நினைத்தேன். அப்போதுதான் ஐயப்பன் பார்த்த அந்த இருவரும் ஏன் நின்றார்கள் என்று விளங்கியது. பின்னால் வருகிறவன் முன்னால் போகிறவனைப் பார்த்துக்கொண்டே வரலாம். முன்னால் போகிறவனுக்குக் கழுத்து வலிக்கும்.

விசில் அடித்ததும் கொஞ்சம் நகர்ந்து, நின்றேன். சித்தீக்கும் நின்றார்.

"யல்லா, கிளம்பு பாய்!" என்றார்.

"பெஹ்லே ஆப், முதல்ல நீங்க" என்றேன்.

அவர் சைக்கிள் ஆடியது. கெட்ட வார்த்தை ஒன்றைச் சொல்லிவிட்டுக் கிளம்பினார். நான் ஒட்டிக்கொண்டேன். அவர் திரும்பிப் பார்க்கும்போதெல்லாம் சிரித்தேன். கடைசித் திருப்பத்தில் ஒரு தடவை அதிகமாகத் திரும்பி மணலில் சரிந்தார். நான் முந்தினேன்.

ஜெனரேட்டர் பக்கமிருந்து ஒரே அலறல்.

"போகாதீங்கண்ணே! பிரேக்கப் பிடிங்க! ஐயோ, முந்திட்டாரே!"

சோலையப்பன் ஓடிவந்து கேரியரைப் பிடித்துக்கொண்டு, குதிகாலை மணலில் ஊன்றி இழுத்தான்.

"விடுடா!"

"என் கல்யாணம்ணே!"

"முதல்ல போறவனுக்குத்தாண்டா லீவு!"

"ஐயப்பன் பாத்தானேண்ணே!"

"அவன் சமோசா தின்னாண்டா!"

சித்தீக் எழுந்துவிட்டார். பல்லைக் கடித்துக்கொண்டு மிதித்து வந்தார். சோலையப்பன் திரும்பி அந்த முகத்தைப் பார்த்தான். கடைசியாக வர ஆசைப்படுகிற முகமில்லை அது. அப்படியே என்னைத் தள்ளினான். நான் கோட்டைத் தாண்டி மெஸ் சுவரில் மோதினேன்.

"தள்ளிவிட்டான்!" என்று சித்தீக் மேனேஜரிடம் இந்தியில் கத்தினார்.

"இழுத்தான் சார், எல்லாரையும் கேளுங்க" என்றேன்.

கேட்டார். இழுத்ததை நாலு நாடும் பார்த்திருந்தது. பாகிஸ்தானிகளே தலையாட்டினார்கள். தள்ளியதும் உண்மைதான் என்றார்கள். எது அதிகம் என்று மேனேஜர் சித்தீக்கிடமே கேட்டார்.

சித்தீக் மணலில் கிடந்த குதிகால் தடத்தைப் பார்த்தார். நீளமாக இருந்தது. சிரித்துவிட்டார்.

"இழுத்ததுதான். கலாஸ், முடிஞ்சது."

சோலையப்பன் கிளம்பும்போது பெட்டியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டான்.

"அண்ணே, நான் கடைசி வரைக்கும் இழுத்துட்டே இருந்திருந்தா?"

"உமாராணி தப்பிச்சிருப்பா" என்றேன்.