மின்னல் நால்வர் கொழும்புக்கு வந்தபோது

மெட்ராஸிலிருந்து வந்த ஒரு கசெட் இலங்கையின் கிழக்குக் கரையில் கல்முனை இளைஞர்களின் நடை உடை எல்லாவற்றையும் மாற்றிப்போட்டது. ‘மின்னல் நால்வர்’ என்ற பாட்டுக் கோஷ்டியின் கசெட் அது. உறையில் நாலு பேரும் கையில்லாத கறுப்புக் கோட்டும் பிடரியில் புரளும் முடியுமாக நின்றார்கள். தொண்ணூற்றேழில் ஊர்த் தையல்காரர்கள் அந்தக் கோட்டைத் தைத்தே களைத்துப்போனார்கள். சலூன் கண்ணாடிகளில் அந்த உறை ஒட்டியிருந்தது. முஸ்லிம் பகுதிப் பையன்களும் தமிழ்ப் பகுதிப் பையன்களும் ‘இன்னா மச்சி’ என்று மெட்ராஸ் தமிழில் பேசிக்கொண்டார்கள். தொண்ணூறில் இரண்டு பகுதிக்கும் இடையில் நடந்த கொலைகளுக்குப் பிறகு இரண்டும் சேர்ந்து விரும்பியது அது ஒன்றைத்தான்.

பக்கத்துப் பாண்டிருப்பில் மீன்பிடிக்கும் குணத்தின் மகன் பவிதரனுக்கு நல்ல குரல். அவன் கூட்டாளி ஜவுபர் ஓர்கன் வாசிப்பான். இருவரும் கல்யாண வீடுகளில் அந்தப் பாட்டுகளைப் பாடினார்கள். “ஆரோட சேர்ந்து திரியிறாய் எண்டு ஊரே கேக்குது மகன்” என்று ஜவுபரின் வாப்பா அப்துல் ஹமீட் முணுமுணுத்தார். ஆனால் தடுக்கவில்லை.

மின்னல் நால்வர் கொழும்பில் பாடப்போவதாகச் செய்தி வந்ததும் இருவரும் பஸ் ஏறிவிட்டார்கள்.

அவர்கள் தங்கிய லொட்ஜுக்கு மறுநாள் காலை புலிகளைத் தேடிப் பொலிஸ் வந்தது. அடையாள அட்டைகளைப் பார்த்த அதிகாரி ஜவுபரின் அட்டையைத் திருப்பிக் கொடுத்தார். பவிதரனின் அட்டையைத் தன் பையில் போட்டுக்கொண்டார்.

“கொழும்புக்கு ஏன் வந்தது?”

“பாட்டுக் கேக்க ஐயா.”

“பாட்டுக் கேக்க இவ்வளவு தூரம்?” அதிகாரி சிரித்தார். பக்கத்தில் நின்றவர்களும் சிரித்தார்கள்.

ஜீப்பில் ஏற்றும்போது பவிதரன் திரும்பிக் கத்தினான்: “நீ போடா! போய்ப் பார்த்துட்டு வந்து எனக்குச் சொல்லு!”

ஜவுபர் போகவில்லை. பொலிஸ் நிலையத்து வாசலிலேயே நின்றான். உள்ளே போய்க் கேட்டால் நாளைக்கு வா என்றார்கள். பொழுது சாயும் நேரம் கறுப்புக் கோட்டு அணிந்த பிள்ளைகள் கூட்டங்கூட்டமாக அவனைத் தாண்டி மைதானத்துக்குப் போனார்கள். அவன் அந்தப் பக்கம் திரும்பிப் பார்க்கவேயில்லை. மறுநாள் போனபோது பவிதரனை வேறெங்கோ கொண்டுபோயிருந்தார்கள். எங்கே என்று ஒருவரும் சொல்லவில்லை.

ஊருக்குத் தனியாக வந்து குணத்தின் முன்னால் நின்றதுதான் அவன் வாழ்க்கையில் ஆகக் கஷ்டமான காரியம். குணம் ஏசவில்லை. “உன்னையாவது விட்டாங்களே” என்று மட்டும் சொன்னார். அது ஏச்சைவிடச் சுட்டது.

மாரி மழை தொடங்கிய பிறகுதான் பவிதரனை விட்டார்கள். ஜவுபர் ஓடிப்போய்ப் பார்த்தான். மொட்டைத் தலை. வலது கை விரல்கள் நேராக நீளவில்லை. தாய் சாரதாதேவி தேத்தண்ணியை வைத்துவிட்டு உள்ளே போனாள். பிறகு பவிதரன் கேட்டான்.

“மின்னல் நால்வரப் பார்த்தாய்தானே?”

ஜவுபர் தேத்தண்ணிக் கோப்பையைக் கையில் எடுத்தான்.

“உள்ளுக்க கிடக்கக்க அதத்தான் நினைச்சிட்டுக் கிடந்தன். நீயாவது பார்த்திருப்பாய் எண்டு. சொல்லன்டா.”

உண்மையைச் சொன்னால் அதையும் அவனிடமிருந்து பறித்ததாகிவிடும் என்று ஜவுபருக்குப் பட்டது.

“ஓம். பார்த்தன்.”

“முதல்ல என்ன பாட்டு?”

ஜவுபர் சொல்லத் தொடங்கினான். மேடை வெளிச்சம், புகை, சனத்தின் கூச்சல், பாடிக்கொண்டே கோட்டைக் கழற்றி எறிந்தது என்று வாயில் வந்ததையெல்லாம் சொன்னான். பவிதரன் கண்ணை மூடிக்கொண்டு கேட்டான். ஒரு கட்டத்தில் அவன் உதடு பாட்டுக்கு அசைந்தது. ஆனால் சத்தம் வரவில்லை. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு இருமினான்.

“அங்க ஒருநாள் மெல்லப் பாடினன் மச்சான். அதுக்குப் பிறகு பாட ஏலாமப் பண்ணிட்டாங்க. நீ வேற பாட்டுக்காரன் ஒருத்தனப் பாரு.”

“போடா விசரா” என்றான் ஜவுபர்.

அவன் வேறு ஆளைத் தேடவில்லை. வாப்பாவின் புடவைக் கடையில் உட்கார்ந்தான். பவிதரன் தகப்பனோடு கடலுக்குப் போனான். சந்தையில் காணும்போது காற்றைப் பற்றியும் மீனைப் பற்றியும் கதைத்தார்கள். எங்காவது அந்தப் பாட்டு ஒலித்தால் பவிதரன் மீன்பெட்டியைத் தூக்கிக்கொண்டு வேகமாக நடந்துவிடுவான். ஜவுபர் அவனைக் கூப்பிடுவதில்லை.